பேச்சு இல்லாத வீடு

டென்சில் பால்ராஜுக்கு முழு எண்களின் மேல் தனிப் பிரியம். நாற்பது, நாற்பத்தைந்து, ஐம்பது என்று வயதுகள் வரிசையாக வந்து விழுந்தால் அவர் முகம் மலர்ந்துவிடும். நேரில் போய்க் கேட்டால் நிஜ மனிதன் தலையைச் சொறிந்துகொண்டு ‘ஒரு அம்பது இருக்கும் சார்’ என்பான். வெயிலில் அலையச் சோம்பல்பட்டு, டீக்கடையில் உட்கார்ந்து இல்லாத மனிதர்களை உண்டாக்குகிற கணக்கெடுப்பாளன்தான் நாற்பத்தேழு, ஐம்பத்து மூன்று என்று பார்த்துப் பார்த்து எழுதுவான். பொய் சொல்கிறவனுக்குத்தான் துல்லியம் தேவைப்படுகிறது என்பது முப்பது வருஷ அரசாங்கப் புள்ளியியல் வேலையில் டென்சில் தானே கண்டுபிடித்த பாடம்.

இந்தப் பாடத்தை வைத்து அவர் எத்தனையோ பேரை வீட்டுக்கு அனுப்பியிருக்கிறார். ஒருமுறை ஒரு கிராமம் முழுவதையும் லாட்ஜ் அறையில் படுத்தபடியே எழுதி முடித்திருந்தான் ஒருவன். அந்த ஊரில் ஒரு கிழவிகூட வயதை உருட்டிச் சொல்லவில்லை என்ற ஒரே காரணத்தை வைத்து டென்சில் அவனைப் பிடித்தார். அதிலிருந்து கோரமங்கலா அலுவலகத்தில் அவர் முதுகுக்குப் பின்னால் ‘சிபிஐ வந்தாச்சு’ என்பார்கள். அது அவர் காதிலும் விழுந்தது. கோபம் வரவில்லை, உள்ளூரச் சந்தோஷம்தான்.

அந்தச் சந்தேகம் அலுவலக நாற்காலியோடு நின்றிருந்தால் யாருக்கும் நஷ்டமில்லை. அது அவரோடு பஸ் ஏறிப் பிரேசர் டவுன் வீட்டுக்கும் வந்தது. மாதத் தொடக்கத்தில் ஒரு சாயங்காலம் சமையலறையில் தண்ணீர் குடிக்கப் போனவர், விருந்தாளிகளுக்கென்று வைத்திருக்கும் பூப்போட்ட கப் கழுவிக் கவிழ்த்திருப்பதைப் பார்த்தார். பிஸ்கட் டப்பாவும் இடம் மாறியிருந்தது. யாரோ வந்திருக்கிறார்கள். யார் என்று மனைவி ஐரினைக் கேட்டிருந்தால் ஒரு வார்த்தையில் முடிந்திருக்கும். ஆனால் டென்சில் கேட்கிற ஜாதி இல்லை. கேட்டால் ஜனங்கள் உஷாராகிவிடுவார்கள், வேறு பக்கமிருந்து சரிபார்க்க வேண்டும் என்பது அவர் கட்சி. ஆகவே டப்பாவைத் திறந்து பார்த்து மூடிவிட்டு, ஹாலுக்கு வந்து லேப்டாப்பைத் திறந்துகொண்டார். ஐரின் சாப்பாடு எடுத்துவைத்துவிட்டு ஏதோ கேட்டாள். அவர் திரையைப் பார்த்துக்கொண்டே தலையாட்டினார்.

கப் விஷயம் இரண்டு மூன்று நாள் உறுத்தியது. அப்புறம் அதைவிடப் பெரிய விஷயம் ஒன்று வந்து அதை மூடிவிட்டது.

அந்த வருஷம் நடந்துகொண்டிருந்தது நேரக் கணக்கெடுப்பு. ஒரு வீட்டில் இருக்கிற ஒவ்வொருவரும் முந்தின நாள் அதிகாலை நாலு மணியிலிருந்து மறுநாள் நாலு மணி வரை என்னென்ன செய்தார்கள் என்று அரை மணி அரை மணியாகக் கேட்டு எழுத வேண்டும். தூங்கினது, சமைத்தது, பஸ்ஸில் போனது, டிவி பார்த்தது, பேசிக்கொண்டிருந்தது எல்லாவற்றுக்கும் ஒவ்வொரு எண் உண்டு. வீட்டில் இல்லாதவருக்காக இன்னொருவர் பதில் சொல்லலாம். கணக்கெடுப்பாளர்கள் டேப்லெட்டில் பதிந்து அனுப்புவதை அலுவலகத்தில் உட்கார்ந்து சரிபார்ப்பது டென்சிலின் வேலை. அவர் திரையில் பெயரும் தெரியாது, தெருவும் தெரியாது. வெறும் எண்கள்தான். தெரிந்த ஆள், தெரியாத ஆள் என்ற பேதம் சரிபார்க்கிறவருக்கு வரக் கூடாது என்பதற்காக அந்த ஏற்பாடு.

அப்படி ஒரு மத்தியானம் அவர் திரையில் வந்து நின்றது இரண்டே பேர் உள்ள ஒரு வீடு. கணவனுக்கு ஐம்பத்தைந்து வயது, அரசாங்க வேலை. மனைவிக்கு ஐம்பது, வீட்டு வேலை. இருவர் நாளையும் சொன்னது மனைவிதான். கணவனின் நாளில் குறை சொல்ல ஒன்றுமில்லை. காலையில் நடை, குளியல், பேப்பர், ஆபீஸ், திரும்பி வந்து சாப்பாடு, கம்ப்யூட்டரில் கொஞ்சம் வேலை, தூக்கம். பாவம், உழைப்பாளி என்று நினைத்துக்கொண்டார் டென்சில்.

மனைவியின் நாள்தான் இடித்தது. சாயங்காலம் நாலிலிருந்து ஐந்து வரை என்ன செய்தாளாம்? சும்மா உட்கார்ந்து யோசித்தாளாம். டென்சில் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு மறுபடி பார்த்தார். எந்த வீட்டு அம்மா ‘நான் ஒரு மணி நேரம் யோசிச்சேன்’ என்று அரசாங்கத்துக்குச் சொல்வாள்? துணி மடித்தேன் என்பாள், கொத்தமல்லி ஆய்ந்தேன் என்பாள். கதை எழுதுகிற மூளை ஒன்றுதான் இப்படி யோசிக்க வைக்கும். ராத்திரி கணவன் எட்டு மணிக்குச் சாப்பிட, மனைவி ஒன்பது மணிக்குத் தனியாகச் சாப்பிட்டிருந்தாள். கடைசியில் எல்லாவற்றுக்கும் சிகரம் வைத்தாற்போல ஒன்று. வீட்டு மனிதரோடு பேசிய நேரம் என்ற இடத்தில் பூஜ்யம். கணவனுக்கும் பூஜ்யம், மனைவிக்கும் பூஜ்யம். ஒரே கூரையின் கீழ் இருக்கிற இரண்டு பேர், ஒரு முழு நாளில், அரை மணிகூடப் பேசிக்கொள்ளவில்லை.

பேட்டி எப்போது தொடங்கி எப்போது முடிந்தது என்று பார்த்தார். இரண்டு பேர் வீட்டுக்கு ஒரு மணி நேரம் தாராளம். இந்த வீட்டில் டேப்லெட் பதினொரு மணிக்குத் திறந்து, மத்தியானம் வெகுநேரம் கழித்துத்தான் மூடியிருக்கிறது. கணக்கெடுத்தவள் எங்கேயோ மரநிழலில் அதைத் திறந்து வைத்துக்கொண்டு நிதானமாகக் கற்பனை செய்திருக்கிறாள் என்று முடிவு கட்டினார். வயதுகள் மட்டும் ஐம்பத்தைந்து, ஐம்பது என்று முழு எண்களாக இருந்தன. அவருடைய பாடத்தின்படி அது உண்மைக்கு அடையாளம். ஆனால் சந்தேகம் வந்துவிட்ட மனுஷனிடம் சாட்சி எந்தப் பக்கம் பேசினாலும் ஒன்றுதான். ‘என்னை ஏமாத்தவே வயசை உருட்டிப் போட்டிருக்கா, கைகாரி’ என்று அதையும் குற்றத்தோடு சேர்த்துக்கொண்டார்.

கைகாரியின் பெயர் விஜி. ஈஜிபுராவில் ஒற்றைப் படுக்கையறை வீட்டில் குடியிருப்பவள், நாற்பதை நெருங்கும் வயது, கன்னடமும் தமிழும் தக்னி உருதுவும் தண்ணீர்பட்ட பாடு. எந்த வீட்டுக் கதவும் அவளுக்குத் திறக்கும் என்று மற்றவர்கள் பொறாமைப்படுவார்கள். வருஷா வருஷம் புதுப்பிக்கிற காண்ட்ராக்ட் வேலை. கணவனுக்கு ஹெப்பகோடியில் இருந்த தொழிற்சாலை வேலை ஆட்குறைப்பில் போய்விட்டது. இப்போது வீடு ஓடுவது இவள் சம்பளத்தில்தான். மாதக் கடைசியில் காண்ட்ராக்ட் புதுப்பிக்க டென்சில் கையெழுத்துப் போட வேண்டும். பொய்க் கணக்கு என்று அவர் எழுதிவிட்டால் இந்த வேலை போவது மட்டுமல்ல, அதற்கப்புறம் எந்தக் கணக்கெடுப்பிலும் அவளைச் சேர்க்க மாட்டார்கள். இதெல்லாம் டென்சிலுக்கும் தெரியும். தெரிந்தால் என்ன, எண்ணுக்குத் துரோகம் செய்தவளுக்கு இரக்கம் காட்ட முடியுமா என்று தன்னையே கேட்டுத் தானே பதிலும் சொல்லிக்கொண்டார்.

மாதாந்திரக் கூட்டத்தில் அந்த வீட்டை எல்லார் முன்னாலும் வாசித்தார். வாசித்தார் என்பது சரியில்லை, நடித்தே காட்டினார். யோசிக்கிற அம்மாவை, பேசாத ஐயாவை, ஒன்பது மணித் தனிச் சாப்பாட்டை. அறை முழுக்கச் சிரித்தது. துணை இயக்குநர் சுந்தரேசன் கண்ணில் நீர் வரச் சிரித்து, அப்படி ஒரு வீடு இருந்தால் விலாசம் கொடுங்கள், ரிட்டயராகி அங்கேயே போய்விடுகிறேன் என்றார். விஜி மட்டும் சிரிக்கவில்லை. அவள் டென்சிலையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்தப் பார்வையில் பயம் இருந்திருந்தால் அவருக்குப் புரிந்திருக்கும். அது என்னவோ பாவப்படுகிற மாதிரி இருந்தது. திருட்டுக்குத் திமிர் வேறா என்று பல்லைக் கடித்துக்கொண்டார்.

கூட்டம் முடிந்ததும் அவளைத் தன் மேஜைக்குக் கூப்பிட்டார். உண்மையை ஒத்துக்கொண்டால் அமைதியாகப் போகவிடுவதாகச் சொன்னார்.

“டேட்டா சரிதான் சார். அந்தம்மா சொன்னதைத்தான் போட்டேன்” என்றாள் விஜி.

“அப்ப நேர்ல போய்ப் பார்த்துடலாம். வெள்ளிக்கிழமை.”

“பாருங்க சார். ஆனா நீங்க வராதீங்க. மமதா மேடத்தை அனுப்புங்க.”

“ஏன், நான் வந்தா என்ன?”

“அதைச் சொல்ல முடியாது சார்.”

டென்சில் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்தார். இதைவிட வாக்குமூலம் வேண்டுமா? மமதா நல்ல அதிகாரிதான், ஆனால் இளகின மனசு. அழுது ஏமாற்றிவிடலாம் என்று கணக்குப் போடுகிறாள். நானேதான் வருவேன், நீயும் கூட வர வேண்டும் என்று சொல்லி அனுப்பினார். அவள் வாசல்வரை போய் நின்று, திரும்பி, ஏதோ சொல்ல வாயெடுத்து, சொல்லாமல் போனாள். அதையும் அவர் மனசில் குறித்துக்கொண்டார்.

அன்று ராத்திரி சாப்பிடும்போது ஐரின் எதிரில் கொஞ்ச நேரம் நின்றாள். டென்சில் வெள்ளிக்கிழமைக்கான கேள்விகளைத் தட்டச்சு செய்துகொண்டிருந்தார். குறுக்குக் கேள்வி கேட்டு ஆளை மடக்குவதில் அவருக்கு ஈடு கிடையாது. ‘சாப்பாடு போடும்போதாவது பேசியிருப்பீர்களே’ என்று ஒரு கேள்வி தோன்றியது. நல்ல கேள்வி என்று தனக்குத்தானே மெச்சிக்கொண்டு அதை முதலில் போட்டார். நிமிர்ந்து பார்த்தபோது ஐரின் அங்கே இல்லை.

வெள்ளிக்கிழமை காலை ஆபீஸ் ஜீப் கிளம்பியது. ஓட்டியவன் நாகேஷ், முன்சீட்டில் டென்சில், பின்னால் டேப்லெட்டோடு விஜி. நேரடிச் சோதனை என்று உத்தரவானால்தான் டேப்லெட்டில் விலாசம் திறக்கும். அதைக்கூட டென்சில் முன்னதாகப் பார்க்க மாட்டார். இது அவர் நெடுநாள் வழக்கம், அதில் ஒரு கர்வமும் உண்டு. விலாசத்தைப் பார்த்தால் இது பணக்காரத் தெரு, இது ஏழைத் தெரு என்று மனசு முன்கூட்டியே முடிவு கட்டிவிடும் என்பார். கூட வருகிறவர் வழி சொல்ல வேண்டும், இவர் கண்ணாடியில் அவர் முகத்தைப் பார்த்துக்கொண்டே போவார். பொய் விலாசம் கொடுத்தவர்களுக்கு வீடு நெருங்க நெருங்க வேர்க்கும்.

விஜிக்கு வேர்க்கவில்லை. அல்சூர் ஏரி தாண்டியதும் நேராகப் போகச் சொன்னாள். கோல்ஸ் ரோடு திரும்பியதும் டென்சிலுக்குச் சிரிப்பு வந்தது. என் பேட்டைக்கே கூட்டிக்கொண்டு வருகிறாளே, தெரிந்த முகம் எதையாவது காட்டி இளக வைக்கப் பார்க்கிறாள் என்று நினைத்தார். அடுத்த திருப்பத்தில் சிரிப்பு போய்விட்டது. அதற்கடுத்த சந்தில் ஜீப் நின்றதும் நாகேஷ் அவர் பக்கம் திரும்பி, “மனேகே ஹோக்பேக்கா சார்?” என்று, வீட்டுக்குப் போகணுமா என்பதைக் கன்னடத்தில் சாதாரணமாகக் கேட்டான். சோதனைக்குப் போகிற வழியில் ஐயா எதையோ மறந்து வைத்ததை எடுக்கத் தன் வீட்டுக்கு வந்திருக்கிறார் என்று அவன் நினைப்பு.

டென்சில் முதலில் கோபப்பட்டார். பழிவாங்க என் வீட்டையே காட்டுகிறாயா என்று விஜியைக் கேட்டார். அவள் டேப்லெட்டை முன்சீட்டுக்கு நீட்டினாள். குடும்பத் தலைவர் பெயர், டென்சில் பால்ராஜ். வயது ஐம்பத்தைந்து. அவருக்கு நிஜத்தில் ஐம்பத்தெட்டு நெருங்கிக்கொண்டிருந்தது.

அவர் வெகுநேரம் அந்தத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். எண்களாகப் பார்த்தபோது அந்தக் கணவன்மேல் அவருக்குப் பரிதாபம் வந்ததே, அது ஞாபகத்துக்கு வந்தது. கூட்டத்தில் தான் நடித்துக் காட்டியதும் ஞாபகத்துக்கு வந்தது. காது மடல் சூடேறியது. இந்த வயதில் வெட்கப்படுவது எப்படி என்றுகூட அவருக்கு மறந்து போயிருந்தது.

“முன்னாடியே ஏன் சொல்லலை?” என்றார்.

“ஒரு வீட்ல ஒருத்தர் சொன்னது இன்னொருத்தர் காதுக்குப் போகக் கூடாது, புருஷனா இருந்தாலும்னு நீங்கதானே சார் ட்ரெய்னிங்ல சொன்னீங்க. அந்தம்மாவும் உங்களுக்குத் தெரிய வேணாம்னு கேட்டாங்க. நேத்து போன் பண்ணி, சார் வரேங்கறாரு, என்ன பண்றதுன்னு கேட்டேன். வரட்டும்னு சொல்லிட்டாங்க.”

தன் வேலையைக் காப்பாற்றிக்கொள்ள அவளுக்கு ஒரு வாக்கியம் போதும். அந்த வாக்கியத்தை இத்தனை நாள் வாய்க்குள்ளேயே வைத்திருந்திருக்கிறாள். டென்சில் ஜீப்பை விட்டு இறங்கினார். தன் வீட்டு வாசலில் நின்று, சாவி பையில் இருந்தும், மணியை அடித்தார்.

ஐரின் கதவைத் திறந்தாள். கணவனைப் பார்த்து ஆச்சரியப்படவில்லை. விஜியைப் பார்த்து வாம்மா என்றாள். டீப்பாயின் மேல் மூன்று பூப்போட்ட கப்புகள் இருந்தன. டென்சில் அவற்றைப் பார்த்தார். ஒருநாள் கவிழ்ந்திருந்த கப்புக்கு விடை கிடைத்துவிட்டது. அந்த விடை இப்போது அவருக்கு எதற்கும் உதவவில்லை.

தன் வழக்கமான நாற்காலியில் உட்காரத் தோன்றாமல் விருந்தாளிகள் உட்காரும் ஓரத்து நாற்காலியில் உட்கார்ந்தார். தன் சொந்த வீட்டை அதிகாரி சோதிக்கக் கூடாது என்பது விதி. எழுந்து போய் மமதாவை அனுப்பியிருக்க வேண்டும். ஆனால் அவருக்கு வேறு எதுவும் செய்யத் தெரியவில்லை. தெரிந்ததெல்லாம் கேள்வி கேட்கத்தான். பையிலிருந்து தான் தட்டச்சு செய்த தாளை எடுத்தார்.

“வயசு அம்பத்தஞ்சுன்னு சொல்லியிருக்கே” என்று தொடங்கினார்.

“சட்டுனு ஞாபகம் வரலை. ஒரு அம்பத்தஞ்சு இருக்கும்னு சொன்னேன்” என்றாள் ஐரின். அவள் முகத்தில் கோபமும் இல்லை, கேலியும் இல்லை. கதவைத் தட்டி வந்த எந்த அரசாங்க அதிகாரிக்கும் சொல்கிற மாதிரி சொன்னாள்.

டென்சில் தாளைப் பார்த்தார். முதலில் போட்டிருந்த கேள்வி கண்ணில் பட்டது. அதை விட்டுவிடலாமா என்று ஒரு கணம் தயங்கி, விடாமல் கேட்டார். “அன்னிக்கு ராத்திரி... சாப்பாடு போடும்போதாவது பேசியிருப்போமே?”

“உப்பு போதுமான்னு கேட்டேன். நீங்க தலையாட்டினீங்க. அப்புறம் எடுத்து வாயில வெச்சுப் பார்த்தேன், குழம்புல உப்பே போடலை.” ஐரின் கப்பில் காபி ஊற்றி விஜி பக்கம் நகர்த்தினாள். “அதைப் பேச்சுன்னு எழுதலாமான்னு இந்தப் பொண்ணு என்னைக் கேட்டா. ரெண்டு மூணு தடவை மாத்தி மாத்திக் கேட்டா, பாவம். ஏதாவது அரை மணியாச்சும் கிடைக்குமான்னு தேடினா. நான்தான் வேணாம், பூஜ்யம்னே போடுன்னேன்.”

விஜி தலை குனிந்துகொண்டாள். முப்பது வருஷத்தில் டென்சில் எத்தனையோ வீடுகளில் அழுகையைப் பார்த்திருக்கிறார், பொய் அழுகை எது நிஜ அழுகை எது என்று பிரித்துச் சொல்வதில் கெட்டிக்காரர் என்ற பெயரும் எடுத்திருக்கிறார். தனக்கு வருவது எது என்று அவருக்குத் தெரியவில்லை. கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

பேட்டி ஏன் மத்தியானம் வரை போனது என்று விஜியைக் கேட்டார். கேட்கும்போதே பதில் தெரிந்துவிட்டது. கணக்கெடுப்பு ஒரு மணி நேரத்தில் முடிந்துவிட்டதாகவும், அப்புறம் அம்மா பேசிக்கொண்டிருந்தார்கள் என்றும், நடுவில் எழுந்து போக மனசு வரவில்லை, டேப்லெட்டை மூட மறந்துவிட்டேன் என்றும் விஜி சொன்னாள். என்ன பேசினார்கள் என்று சொல்லவில்லை. டென்சிலும் கேட்கவில்லை. சந்தேகப்பட எவ்வளவோ இருந்த இடத்தில் அவர் துருவாமல் விட்டது அதுதான் முதல் தடவை.

“நாலு மணிலேருந்து அஞ்சு மணி வரைக்கும் யோசிச்சதா இருக்கு” என்றார் மனைவியிடம். “என்ன யோசிச்சே?”

“அது சர்வேயில இல்லாத கேள்வி” என்றாள் ஐரின்.

இதற்குமேல் அந்தத் தாளில் ஒன்றுமில்லை. டென்சில் அதை மடித்துப் பையில் வைத்தார். மாதக் கடைசிக்கு நாள் அதிகம் இல்லை. விஜியின் கணக்கு சரி என்று வெறுமனே எழுதிக் கொடுத்துவிட முடியாது. கூட்டத்தில் அத்தனை பேர் முன்னால் பொய் என்று அடித்துச் சொன்னவர் இப்போது எப்படி உண்மை என்கிறார் என்று சுந்தரேசன் கேட்பார். போனை எடுத்தார். எடுத்தவர் நிறுத்தி, ஐரினைப் பார்த்தார்.

“சுந்தரேசன்கிட்ட இது நம்ம வீடுன்னு சொல்லணும். சொல்லட்டுமா?”

தன்னிடம் அவர் கடைசியாக எப்போது அனுமதி கேட்டார் என்று ஐரின் யோசித்திருக்க வேண்டும். “சொல்லுங்க. அந்தப் பொண்ணு பொழப்பு என்ன ஆவறது?” என்றாள்.

சுந்தரேசன் போனை எடுத்ததும் என்ன சிபிஐ, பிடித்துவிட்டீரா என்று உற்சாகமாகக் கேட்டார். வீடு உண்மை, கணக்கு உண்மை, விஜிமேல் தவறில்லை என்றார் டென்சில். அதெப்படி, புருஷன் பெண்டாட்டி ஒரு வார்த்தை பேசாமல் இருப்பார்களா, யாரைக் கேட்டு உறுதி பண்ணினீர் என்று அந்தப் பக்கம் சிரிப்பு.

“அந்தப் புருஷன் நான்தான் சார்” என்றார் டென்சில்.

அந்தப் பக்கம் சிரிப்பு நின்றது. பிறகு சுந்தரேசன் என்னவோ சமாதானமாகச் சொல்லத் தொடங்கி, முடிக்கத் தெரியாமல், ரிப்போர்ட்டை மமதா பெயரில் போட்டுவிடலாம், காண்ட்ராக்ட் பேப்பரை அனுப்பி வையுங்கள் என்று சொல்லி வைத்துவிட்டார். நாளைக்குள் அலுவலகம் முழுக்கப் பரவிவிடும் என்பது டென்சிலுக்குத் தெரியும். பரவட்டும் என்று சொல்லிக்கொண்டார். விஜி காபியைக் குடித்து முடித்துவிட்டு எழுந்து நின்றாள். அவளிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று நினைத்தார். அந்த வார்த்தைக்கு வாயைப் பழக்காததால், ஜீப்பில் நாகேஷ் உன்னை ஈஜிபுராவில் வீட்டிலேயே இறக்கிவிடட்டும், இன்று மேற்கொண்டு வேலை வேண்டாம் என்று மட்டும் சொன்னார். அவள் அதைப் புரிந்துகொண்டாளோ என்னவோ, சரி சார் என்றாள்.

அன்று சாயங்காலம் டென்சில் லேப்டாப்பைத் திறக்கவில்லை. மூடிய லேப்டாப்புக்கு எதிரில் உட்கார்ந்து, கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் டேபிளின் ஓரத்தைத் தடவிக்கொண்டிருந்தார். எட்டு மணிக்கு ஐரின் வழக்கம்போல ஒரே தட்டைக் கொண்டுவந்து வைத்தாள். அவர் சாதத்தில் கை வைக்காமல் நிமிர்ந்தார்.

“இன்னிக்கு சாயங்காலம் என்ன பண்ணினே, ஐரின்?”

கரண்டி பாதி வழியில் நின்றது. ஐரின் அவரை உற்றுப் பார்த்தாள். முதலில் முகத்தை, பிறகு மூடியிருந்த லேப்டாப்பை, பிறகு அவர் சட்டைப் பையில் துருத்திக்கொண்டிருந்த பேனாவை. எதையோ சரிபார்க்கிற பார்வை அது. டென்சிலுக்கு மிகவும் பழகிய பார்வைதான், இதுவரை அதன் எதிரில் உட்கார்ந்ததில்லை, அவ்வளவுதான்.

“எதுக்குக் கேக்குறீங்க?”

“சும்மாதான்.”

“சும்மாவா? மறுபடி சர்வே வருதா?”

இல்லை என்றார். அவள் நம்பவில்லை என்பது தெரிந்தது. அவள் நம்புவதற்கு அவரிடம் ஒரு ஆதாரமும் இல்லை. பேனாவை எடுத்து டேபிளில் வைத்தார், அதுவே என்னவோ எழுதப்போகிற மாதிரி தெரியவே, எடுத்து அலமாரியில் போட்டுவிட்டு வந்து உட்கார்ந்தார். ஐரின் அதையெல்லாம் பார்த்துக்கொண்டே சமையலறைக்குப் போனாள். திரும்பி வந்தபோது கையில் இன்னொரு தட்டு இருந்தது. எதிரில் உட்காராமல் ஒரு நாற்காலி தள்ளி உட்கார்ந்து, சாதத்தைப் போட்டுக்கொண்டாள்.

“முதல்ல நீங்க சொல்லுங்க, பார்ப்போம்” என்றாள்.